சிட்காம் என்றால் என்ன? மோலியின் ஜன்னல் வழியாக ஒரு விளக்கம்

சிட்காம் என்றால் காமெடி சீரியல்தானே என்று பலர் கேட்பார்கள். பாதி சரி. மீதிப் பாதி புரிய வேண்டுமென்றால், இன்று அமெரிக்காவிலேயே பலருக்கும் ஞாபகமில்லாத ஒரு பெண்ணைப் பற்றிப் பேசியாக வேண்டும். பெயர் கெர்ட்ரூட் பெர்க். 1929இல் ரேடியோவுக்காக ஒரு குடும்பத்தை எழுத ஆரம்பித்தார், அந்தக் குடும்பத்தின் அம்மா மோலியாகத் தானே நடித்தார், ரேடியோவை ஓரங்கட்டிவிட்டு டிவி வந்தபோது அந்தக் குடும்பத்தை அப்படியே தூக்கிக்கொண்டு அங்கேயும் போனார். நடுவில் சில இடைவெளிகள் உண்டு என்றாலும் 1956 வரை அந்த ஒரு வீட்டை வைத்தே காலம் தள்ளினார். தொடரின் பெயர் 'தி கோல்ட்பெர்க்ஸ்'. (இந்தப் பெயரைத் தேடினால் 2013இல் தொடங்கிய வேறொரு தொடர்தான் முதலில் வந்து நிற்கும். அதற்கும் இதற்கும் சம்பந்தமில்லை.)

முதலில் சொல்லைப் பார்த்துவிடலாம். 'சிச்சுவேஷன் காமெடி' சுருங்கி சிட்காம் ஆயிற்று. சிச்சுவேஷன் என்றதும் அந்த வாரம் நடக்கிற கலாட்டா என்றுதான் தோன்றும், எனக்கும் ரொம்ப நாள் அப்படித்தான் தோன்றியது. உண்மையில் கலாட்டா வாராவாரம் மாறும், மாறாமல் இருக்கிற ஏற்பாட்டுக்குத்தான் சிச்சுவேஷன் என்று பெயர். வீட்டில் யார் யார் இருக்கிறார்கள், யாருக்கு யார் மேல் கடுப்பு, காசு யார் கையில், வாய் ஓயாதவர் யார், எல்லோரும் எந்த மேஜையைச் சுற்றி உட்காருவார்கள் என்பதெல்லாம் சேர்ந்ததுதான் அந்த ஏற்பாடு.

ஒரு உதாரணம். வீட்டுக்காரர் வாடகையை ஏற்றிவிட்டார் என்று வைத்துக்கொள்ளுங்கள். மேடையில் ஒற்றை ஆளாக நின்று பேசும் ஸ்டேண்ட்-அப் கலைஞர் கையில் இது கிடைத்தால், வாடகையைப் பற்றியே நாலு ஜோக் அடிப்பார். மெகா சீரியல்காரர்கள் கையில் கிடைத்தால் குடும்பம் தெருவுக்கு வரும், வீட்டுக்காரர் மகனுக்கு மூத்த பெண் மேல் ஒரு கண் விழும், நாற்பது எபிசோடு ஓடும். சிட்காமில் அப்பா கத்துவார், அம்மா வீட்டுக்காரரை உட்காரவைத்துச் சாப்பாடு போடுவார், மாமா யாரும் கேட்காத யோசனை ஒன்றைச் சொல்வார். அரை மணி நேரத்தில் எல்லாம் முடிந்து, அடுத்த வாரம் அதே நாற்காலியில் அதே ஆட்கள். இவர் இப்படித்தான் செய்வார் என்று நமக்கு முன்கூட்டியே தெரியும், தெரிந்திருப்பதால்தான் அவர் வாயைத் திறப்பதற்கு முன்பே சிரிப்பு வருகிறது. வாடகை வெறும் சாக்கு.

இந்த வித்தையை பெர்க் எங்கே கற்றார் என்றால், அப்பாவின் ஹோட்டலில்.

அவர் 1899இல் நியூயார்க்கில் ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தவர், இயற்பெயர் டில்லி எடல்ஸ்டீன். நியூயார்க்குக்கு வடக்கே கேட்ஸ்கில் மலைப்பகுதியில் ஃப்ளைஷ்மன்ஸ் என்ற ஊரில் அப்பா கோடைக்கால விடுதி நடத்திவந்தார். நகரத்து வெக்கைக்குத் தப்பி வருகிற குடும்பங்கள்தான் வாடிக்கையாளர்கள். வெயில் அடித்தால் பிரச்சினை இல்லை, வெளியே சுற்றிக்கொண்டிருப்பார்கள். மழை பிடித்துக்கொண்டால் வராந்தாவில் உட்கார்ந்து முணுமுணுக்க ஆரம்பிப்பார்கள், ரெண்டு நாள் விடாமல் பெய்தால் பெட்டியைக் கட்டிவிடுவார்கள். அவர்களைப் பிடித்து வைக்கத்தான் வீட்டுப் பெண் சின்னச் சின்ன நாடகங்களை எழுதி நடித்துக் காட்ட ஆரம்பித்தார். அதில் ஒரு பாத்திரம் மால்ட்கே டல்னிட்ஸ்கி, உதவாக்கரைப் புருஷனிடம் மாட்டிக்கொண்டு புலம்புகிற பெண். அந்தப் பெண்தான் பின்னால் புலம்பல் குறைந்து, அன்பு கூடி, மோலி கோல்ட்பெர்க் ஆனாள்.

1918இல் லூயிஸ் பெர்க்கைத் திருமணம் செய்துகொண்டார். அவர் ரசாயனப் பொறியாளர். லூசியானாவில் ஒரு சர்க்கரை ஆலையில் வேலை, அந்த ஆலை எரிந்துபோனதும் குடும்பம் நியூயார்க்குக்குத் திரும்பியது, காசு வேண்டியிருந்தது, பேனாவை எடுத்தார். கடையில் வேலை பார்க்கும் இரண்டு பெண்களை வைத்து எழுதிய முதல் ரேடியோ முயற்சியை ஒரே ஒலிபரப்போடு நிறுத்திவிட்டார்கள். அடுத்து கோல்ட்பெர்க் குடும்பத்தைக் கையால் எழுதி எடுத்துக்கொண்டு என்பிசி வானொலிக்குப் போனார். அந்தக் கையெழுத்தை அங்கிருந்த அதிகாரியால் படிக்க முடியவில்லை. சரி, நீங்களே படித்துக் காட்டுங்கள் என்று சொல்ல, இவர் எல்லாப் பாத்திரங்களையும் குரல் மாற்றிப் படித்துக் காட்ட, கேட்டவர் மோலியாக நீங்களே நடியுங்கள் என்று சொல்லிவிட்டார் என்று கதை. வேண்டுமென்றேதான் கிறுக்கலாக எழுதிக்கொண்டு போயிருப்பார் என்று எனக்கு ஒரு சந்தேகம்.

முதல் ஒலிபரப்பு 1929 நவம்பர் 20. தேதியைக் கவனியுங்கள். அக்டோபர் கடைசியில்தான் நியூயார்க் பங்குச்சந்தை கவிழ்ந்திருந்தது. அடுத்த பல வருஷங்களுக்கு அமெரிக்காவில் வேலையில்லாமல் வீட்டில் உட்கார்ந்திருந்தவர்கள் ஏராளம், அவர்களுக்குக் காசில்லாமல் கிடைத்த பொழுதுபோக்கு ரேடியோ. அந்த ரேடியோவில் தையல் தொழிலில் முன்னேறத் துடிக்கிற ஜேக், அவன் மனைவி மோலி, பிள்ளைகள் சாமி, ரோசாலி, கூடவே டேவிட் மாமா என்று காசு பற்றாத ஒரு யூதக் குடும்பம் ராத்திரிச் சாப்பாட்டுக்கு உட்கார்ந்தது. 1931இல் பெப்சொடென்ட் பற்பசை ஸ்பான்சராக வந்ததும் வாரத்துக்கு ஒருமுறை என்பது கிட்டத்தட்டத் தினசரி ஆகிவிட்டது, ஒவ்வொன்றும் கால் மணி நேரம். இன்று ஒரு அமெரிக்க சிட்காமை ஒரு அறை நிறைய ஆட்கள் உட்கார்ந்து எழுதுகிறார்கள். பெர்க் தனி ஆளாக எழுதினார், தயாரிப்பையும் தானே கவனித்துக்கொண்டார், சாயங்காலம் மைக் முன்னால் நின்று நடிக்கவும் செய்தார். இப்படி ஆயிரக்கணக்கான ஸ்கிரிப்டுகள்.

கறாராகச் சொன்னால், இந்த ரேடியோ வடிவம் இன்னும் முழு சிட்காம் ஆகிவிடவில்லை. கதை நாளுக்கு நாள் தொடரும், பிள்ளைகள் வளர்வார்கள், சிரிப்புக்கும் கண்ணீருக்கும் நடுவில் கோடு கிடையாது. யூதர்களின் பஸ்கா விருந்தை 1933இல் ஒரு எபிசோடாகவே ஒலிபரப்பினார், அதே வருஷம்தான் ஜெர்மனியில் ஹிட்லர் ஆட்சிக்கு வந்திருந்தார். 1939இல் வந்த இன்னொரு பஸ்கா எபிசோடில் ஜன்னலை உடைத்துக்கொண்டு கல் ஒன்று வந்து விழும், பயந்துபோன பிள்ளைகளை மோலி சமாதானப்படுத்துவாள், விருந்து தொடரும். காமெடி என்று பெயர் வாங்கிய ஒரு நிகழ்ச்சி அந்தக் காலத்தில் இதைச் செய்தது என்பதை நினைத்தால் இன்றும் வியப்பாகத்தான் இருக்கிறது.

ஆனால் சிட்காமுக்கு வேண்டிய அஸ்திவாரம் முழுக்க இங்கேதான் போடப்பட்டது. அந்த அஸ்திவாரம், ஆட்களை இவர் கேட்ட விதம். நியூயார்க்கின் லோயர் ஈஸ்ட் சைடில், ஏழை யூதர்கள் நெருக்கியடித்து வாழ்ந்த தெருக்களில், தள்ளுவண்டிக் கடைகளில் காய் வாங்குகிற சாக்கில் போய் நின்று பேச்சைக் கேட்பார். இவரோ அதற்குள் பார்க் அவென்யூவில் குடியிருக்கிற பணக்காரப் பெண்மணி, பேச்சிலும் மோலியின் சாயல் துளிகூடக் கிடையாது. மோலி பேசுவது கிழக்கு ஐரோப்பிய யூதர்களின் யித்திஷ் மொழியில் நினைத்து ஆங்கிலத்தில் பேசுகிறவர்களின் ஆங்கிலம். கதவைத் தட்டினால் "யார் அது?" என்று கேட்க மாட்டாள், "உள்ளே வா, யாராயிருந்தாலும்!" என்பாள். ஐஸ்பெட்டியைப் பார்த்துவிட்டு வரச் சொல்ல மாட்டாள், உள்ளே ஒரு கண்ணை எறிந்துவிட்டு வரச் சொல்வாள். அந்தக் கால மேடைகளில் வந்தேறிகளின் உச்சரிப்பைக் கொச்சையாக நடித்துக் காட்டிக் கைதட்டல் வாங்குவது ஒரு தனித் தொழிலாகவே இருந்தது. பெர்க் உச்சரிப்பைப் பெரிதுபடுத்தவில்லை, சொற்களின் வரிசையை லேசாகக் கலைத்ததோடு சரி. மோலி தப்பாகத்தான் பேசுவாள், ஆனால் அந்த வீட்டிலேயே விவரமான ஆள் அவள்தான். கேட்பவர் மோலியைப் பார்த்துச் சிரிப்பதில்லை, மோலி பக்கத்தில் உட்கார்ந்துகொண்டு சிரிப்பார். ரெண்டுக்கும் உள்ள வித்தியாசம் நம்ம ஊரில் வட்டார வழக்கை வைத்துக் காமெடி எழுதுகிறவர்களுக்குச் சொல்லாமலே புரியும்.

சத்தத்திலும் அதே பிடிவாதம். ரேடியோவில் எல்லாச் சத்தமும் பொய்தான், எதையாவது கசக்கி நெருப்பு என்பார்கள், எதையாவது தட்டிக் குதிரை என்பார்கள். பெர்க் ஒத்துக்கொள்ள மாட்டார். மோலி முட்டை பொரிக்கிறாள் என்றால் ஸ்டுடியோவில் நிஜமாகவே முட்டையை உடைத்துச் சட்டியில் ஊற்றியாக வேண்டும். வீட்டில் ரேடியோவுக்கு முன்னால் உட்கார்ந்திருக்கிற பெண்ணுக்கு முட்டை பொரிகிற சத்தம் தெரியாதா என்ன?

இத்தனைக்கும் அமெரிக்காவே அம்மா என்று கொண்டாடிய இந்தப் பெண்ணின் சொந்த வீட்டுக் கதை வேறு. சகோதரன் சின்ன வயசிலேயே தொண்டை அடைப்பான் நோயில் இறந்துபோனான், அந்தத் துக்கத்திலிருந்து அம்மா மீளவே இல்லை, கடைசியில் மனநல விடுதியில் சேர்க்க வேண்டியிருந்தது. எந்தக் கலவரத்திலும் நிதானம் இழக்காத மோலி எங்கிருந்து வந்தாள் என்பதை ஊகிக்க முடிகிறது, ஆனால் அதற்கு மேல் தோண்ட எனக்கு மனசில்லை.

ரேடியோ 1940களின் நடுவில் ஓய்ந்தது. 1948இல் அதே குடும்பத்தை நாடகமாக்கி நியூயார்க்கின் நாடக அரங்குப் பகுதியான பிராட்வேயில் போட்டார், 1949 ஜனவரியில் சிபிஎஸ் தொலைக்காட்சியில் 'தி கோல்ட்பெர்க்ஸ்' தொடங்கியது. இங்கேதான் நாம் இன்று சிட்காம் என்கிற வடிவத்துக்கு அது வந்து சேர்ந்தது. வாரம் ஒருமுறை, அரை மணி நேரம், அந்தந்த வாரமே முடிகிற கதை, பிராங்ஸ் பகுதியில் ஈஸ்ட் ட்ரெமான்ட் அவென்யூவில் 1038ஆம் எண் கட்டடத்தில் ஒரு வீடு.

அந்த வீட்டின் ஜன்னலைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். நிகழ்ச்சி தொடங்கும்போது மோலி ஜன்னல் கட்டையில் கையை ஊன்றிக்கொண்டு வெளியே எட்டிப் பார்ப்பாள். நேராக நம்மிடம் பேசுவாள். எதிர்வீட்டுப் பெண்ணிடம் பேசுகிற மாதிரி ஏதோ சொல்ல ஆரம்பித்து, பேச்சுவாக்கிலேயே சங்கா காபிக்கு வந்துவிடுவாள். ஸ்பான்சர் அவர்கள்தான். காஃபீன் எடுத்த காபி, குடித்தால் தூக்கம் கெடாது. விளம்பரம் முடிந்ததும் அப்படியே உள்பக்கம் திரும்புவாள், நாமும் அவள் தோளுக்குப் பின்னால் வீட்டுக்குள் நுழைந்துவிடுவோம், கதை தொடங்கிவிடும். எங்கே விளம்பரம் முடிந்தது எங்கே கதை ஆரம்பித்தது என்று கோடு போட முடியாது. முடிவிலும் மறுபடி ஜன்னலுக்கு வருவாள்.

கதைக்குள்ளும் ஜன்னலுக்கு வேலை உண்டு. நெருக்கமாகக் கட்டப்பட்ட அந்தக் கட்டடங்களின் நடுவில் காற்றுக்காக விட்ட சந்து இருக்கும், எல்லா வீட்டு ஜன்னலும் அதைப் பார்த்துத்தான் திறக்கும். "யூ-ஹூ, மிஸஸ் ப்ளூம்!" என்று மோலி குரல் கொடுப்பது நாடு முழுக்கப் பிரபலமான வசனம். பின்கட்டில் நின்று பக்கத்து வீட்டைக் கூப்பிட்டு ஒரு கரண்டி புளி கேட்கிற குரல் ஞாபகம் வருகிறதா? அதேதான். எழுதுகிறவர் பக்கம் நின்று பார்த்தால் இந்த ஜன்னல் ஒரு பெரிய சௌகரியம். செய்தி உள்ளே வர வேண்டுமா, ஜன்னல். வீட்டு ரகசியம் வெளியே போக வேண்டுமா, ஜன்னல். ஒரே செட்டில் ஊரையே கொண்டுவந்துவிடலாம். பின்னால் வந்த சிட்காம்களில் எல்லோரும் கூடுகிற சோபா, காபிக் கடை, கதவைத் தட்டாமல் நுழைகிற பக்கத்து வீட்டுக்காரர் எல்லாம் இதே வேலையைத்தான் செய்கின்றன.

அமெரிக்கத் தொலைக்காட்சியின் பெரிய விருதான எம்மியை, சிறந்த நடிகைக்காக, முதன்முதலில் வாங்கியவர் பெர்க்தான், 1951இல். ஆனால் அந்த விருது வருவதற்கு முன்பே கஷ்டகாலம் தொடங்கிவிட்டது. 1950இல் 'ரெட் சேனல்ஸ்' என்று ஒரு சிறு வெளியீடு வந்தது. வானொலி, தொலைக்காட்சியில் வேலை செய்கிற 151 பேரின் பெயரைப் போட்டு, இவர்களுக்குக் கம்யூனிஸ்டு தொடர்பு என்று கோடி காட்டிய பட்டியல். அப்படிப் பெயர் வந்தாலே வேலை போய்விடுகிற காலம் அது. அதில் ஃபிலிப் லோப் பெயர் இருந்தது. டிவியில் மோலியின் கணவன் ஜேக் அவர்தான், நடிகர் சங்கத்தில் முன்னணியில் நின்று வேலை செய்தவர். நான் கம்யூனிஸ்டு இல்லை என்று லோப் சொன்னார். யாரும் கேட்கவில்லை. சங்கா காபியைத் தயாரித்த ஜெனரல் ஃபுட்ஸ், லோப்பை நீக்கச் சொன்னது.

பெர்க் முடியாது என்று சொல்லிவிட்டார். கொஞ்ச காலம் தாக்குப்பிடித்தார். 1951இல் ஸ்பான்சர் விலகியது, சிபிஎஸ்ஸும் கைவிட்டது. வேறு ஸ்பான்சர் தேடினால் லோப் இருக்கிற வரை ஒருவரும் கிட்டே வரவில்லை. தொடர் நின்றால் லோப் மட்டுமில்லை, மற்ற நடிகர்கள், தொழிலாளர்கள் எல்லோருக்கும் சோறு இல்லை. கடைசியில் லோப் ஒரு தொகையை வாங்கிக்கொண்டு விலகினார், 1952இல் என்பிசியில் தொடர் திரும்ப வந்தபோது ஜேக்காக வேறொருவர் உட்கார்ந்திருந்தார். எழுத்து, நடிப்பு, தயாரிப்பு எல்லாம் தன் கையில் வைத்திருந்தவருக்கு அந்த ஒரு நாற்காலியில் யார் உட்காருவது என்பதை முடிவுசெய்ய முடியவில்லை. அவர் இன்னும் உறுதியாக நின்றிருக்கலாம் என்று சொல்கிறவர்கள் உண்டு. ஸ்பான்சர் பணம் இல்லாமல் ஒரு நிமிடம்கூட ஓடாத அந்தக் கால டிவியில் அதற்கு மேல் என்ன செய்திருக்க முடியும் என்று எனக்குத் தோன்றவில்லை. லோப்புக்கு அப்புறம் சரியான வேலை கிடைக்கவில்லை. மனநோயாளியான மகனைப் பராமரிக்கும் செலவு வேறு. 1955 செப்டம்பரில் நியூயார்க்கில் ஒரு ஹோட்டல் அறையில் உயிரை மாய்த்துக்கொண்டார்.

அதே 1955இல்தான் தொடரும் கடைசிக் கட்டத்துக்கு வந்தது. யூதக் குடும்பங்கள் நகரத்து நெரிசலைவிட்டுப் புறநகரில் தனி வீடு வாங்கிக்கொண்டு போன காலம் அது, கோல்ட்பெர்க் குடும்பத்தையும் ஹேவர்வில் என்ற கற்பனை ஊருக்குக் குடிபெயர்த்தார்கள். புல்வெளி, தனி வாசல், தள்ளித் தள்ளி வீடுகள். இனிமேல் எந்தச் சந்தைப் பார்த்து "யூ-ஹூ" என்று கூப்பிடுவது? மேலே சொன்ன சிச்சுவேஷன் என்கிற சங்கதி எவ்வளவு முக்கியம் என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் கிடைக்காது. ஆட்கள் அதேதான், எழுதுகிறவரும் அவரேதான், ஏற்பாடு மட்டும் கலைந்தது. அந்த ஒரு சீசனோடு தொடர் முடிந்தது.

பெர்க் முடிந்துவிடவில்லை. 'எ மெஜாரிட்டி ஆஃப் ஒன்' என்ற பிராட்வே நாடகத்தில் நடித்து 1959இல் நாடகக் கலைஞர்களுக்கான டோனி விருது வாங்கினார். அது படமானபோது அந்த வேடத்தை ரோசலிண்ட் ரஸ்ஸலுக்குக் கொடுத்துவிட்டார்கள், அவர் யூதரும் இல்லை. 1961இல் வயதான பிறகு கல்லூரியில் சேருகிற பெண்ணாக இன்னொரு டிவி தொடர், ஒரு சீசன் ஓடியது. 1966 செப்டம்பரில் இறந்தார்.

இவ்வளவு பெரிய ஆள் ஏன் மறந்துபோனார்? பெரிய காரணம் ஒரு தொழில்நுட்ப விஷயம். அன்றைய டிவி பெரும்பாலும் நியூயார்க்கிலிருந்து நேரலை. மேற்குப் பகுதிக்கு அனுப்ப, டிவி திரைக்கு முன்னால் ஒரு சினிமா கேமராவை வைத்து ஓடுவதைப் படம் பிடிப்பார்கள், அதற்குக் கினஸ்கோப் என்று பெயர். தியேட்டரில் செல்போனில் எடுத்த படம் எப்படி இருக்கும், கிட்டத்தட்ட அந்த லட்சணம்தான். வேலை முடிந்ததும் பலவற்றைத் தூக்கிப் போட்டுவிட்டார்கள். 1951 அக்டோபரில் நடிகை லூசில் பாலும் கணவர் டெசி ஆர்னாஸும் 'ஐ லவ் லூசி'யைத் தொடங்கியபோது லாஸ் ஏஞ்சலஸிலேயே இருந்துகொண்டு, ரசிகர்களை உட்காரவைத்து, மூன்று கேமராக்களால் 35 எம்எம் ஃபிலிமில் எடுத்தார்கள். செலவு அதிகம், அதை ஈடுகட்டச் சம்பளத்தைக் குறைத்துக்கொண்டார்கள், பதிலுக்கு அந்த ஃபிலிம்களின் உரிமையை வாங்கிக்கொண்டார்கள். பளிச்சென்று இருந்த அந்தப் பிரதிகள் மறுஒளிபரப்பாகத் தலைமுறை தலைமுறையாக ஓடின. சிட்காம் என்றதும் ஜனங்களுக்கு லூசி ஞாபகம் வருவது அதனால்தான், லூசி அந்தப் புகழுக்குத் தகுதியானவர்தான், அதில் எனக்குச் சண்டை இல்லை. ஆனால் மோலி முதலில் வந்தாள்.

தப்பிப் பிழைத்த கினஸ்கோப் பிரதிகள் கொஞ்சம் இருக்கின்றன. 1949இல் வந்த வாடகைத் தகராறு எபிசோடு அவற்றில் ஒன்று, மேலே நான் வாடகையை உதாரணமாக எடுத்ததும் அது மனதில் இருந்ததால்தான். கிடைத்தால் பாருங்கள். படம் மங்கலாக இருக்கும், ஓரங்கள் வளைந்திருக்கும், மோலி ஜன்னலிலிருந்து காபியைப் பற்றிப் பேசிவிட்டு உள்ளே திரும்புவாள். உள்ளே வாடகைக்காகக் கத்திக்கொண்டிருக்கிற ஜேக், அவர் ஃபிலிப் லோப்.